கம்பியில் தொங்கிய கூறை

றோஸ்மேரிக்கு மூக்கின் மேல் கோபம் என்று மட்டக்களப்புத் தாண்டவன்வெளியில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். கலியாணத்துக்குள் இரண்டு கிலோ ஏறிவிட்டு 'அன்ரி பிளவுஸை இறுக்கித் தைத்துப்போட்டா' என்று கதை பரப்பிய ஒரு மணப்பெண்ணின் வீட்டுக்கு, அளவு எழுதிய கொப்பியோடு போய் வாசலில் நின்று சண்டை பிடித்தவள் அவள். கோயில் திருநாளுக்குச் சம்மனசு வேடம் போடும் பிள்ளைகளுக்கு இறக்கை தைத்தபோது, ஒன்று அரை அங்குலம் தாழ்ந்திருக்கிறது என்று பன்னிரண்டு சோடியையும் பிரித்தாள். தையல் என்று வந்தால் மட்டக்களப்பு டவுனில் அவளை மிஞ்ச ஆளில்லை என்று அவளிடம் ஏச்சு வாங்கியவர்களே சொல்வார்கள். ஏச்சு வாங்காதவர்கள் குறைவு.

இப்படிப்பட்டவள் ஐம்பத்தொரு வயதில் ஒரு றொக் இசைக்குழுவோடு ஆறு கிழமை நாடு சுற்றப் போகிறாள் என்று கேள்விப்பட்டபோது பாதிப் பேர் சிரித்தார்கள். மிச்சப் பேர் இசைக்குழுவை நினைத்துப் பரிதாபப்பட்டார்கள்.

கூட்டிக்கொண்டு போனவன் ஜெயராஜா, அவளுடைய சின்னம்மாவின் மகன். ஒரு காலத்தில் கலியாண வீடுகளுக்கு ஸ்பீக்கர் கட்டித் திரிந்தவன், இப்போது கொழும்பில் பெரிய கச்சேரிகளுக்கு மேடைப் பொறுப்பாளன். ஒன்பது லொறி, இரண்டு பஸ், அறுபது ஆட்கள், பத்து ஊர். மேடை உடுப்புகளைப் பார்த்துக்கொண்டிருந்த பெண் கடைசி நேரத்தில் விலகிவிட்டதால் அவன் அக்காவுக்குப் போன் எடுத்தான். றோஸ்மேரியும் யோசித்துப் பார்த்தாள். புருஷன் செத்துப் பதினாலு வருஷம். அதுவரைக்கும் அவள் மாவட்டத்தை விட்டு வெளியே போனதெல்லாம் கொழும்புப் பெரியாஸ்பத்திரிக்கும் செத்த வீடுகளுக்கும்தான். ஓம் என்றுவிட்டாள்.

புறப்படும்போது தையல் பெட்டியோடு இன்னொரு பொதியையும் எடுத்துக்கொண்டாள். அதற்குள் இருந்தது அவளுடைய மகள் டினுஷாவின் கூறைச் சேலை.

டினுஷாவுக்கு மூன்று தரம் கரு தங்காமல் போனது. நாலாவது தரம் வயிற்றில் இருக்கும்போது அவள் மாதாவுக்கு நேர்த்தி வைத்தாள். பிள்ளை உயிரோடு கைக்கு வந்தால், என்னுடைய கூறை மாதாவோடு ஊரைச் சுற்றிவரும். பங்குனியில் பெண் பிள்ளை பிறந்தது, குறை ஒன்றும் இல்லாமல், அம்மம்மாவைப்போலவே உரத்த தொண்டையோடு. இனி ஆவணியில் வரும் திருநாளுக்கு அந்தக் கூறையை வெட்டி மாதாவின் சுருபத்துக்குப் போர்வை தைத்துச் சாத்த வேண்டும். கத்தரி வைப்பதற்கு முன்னமே சேலையைப் பாதர் மந்திரித்துக் கொடுத்தார். மந்திரித்தபின் அது மாதாவுடையது. அளவு பார்க்கவென்றுகூட அதை ஒருவர் தோளிலும் போட்டுப் பார்ப்பதில்லை. சுருபத்தின் அளவுக்கு நாலு முடிச்சுப் போட்ட ஒரு நூல் இருக்கிறது. தோளுக்கு ஒன்று, கழுத்துக்கு ஒன்று, இடுப்புக்கு ஒன்று, பாதத்துக்கு ஒன்று. அந்த நூலையும் றோஸ்மேரி பொதிக்குள் வைத்துக் கட்டினாள். மட்டக்களப்புக் கச்சேரிதான் கடைசி. அது வெள்ளிக்கிழமை. திருநாள் ஞாயிற்றுக்கிழமை. வழிநெடுகத் தைத்தாலும் நேரம் தாராளம் என்று கணக்குப் போட்டாள்.

வழி என்று அவள் நினைத்தது வேறு, கிடைத்தது வேறு. கொழும்பு, காலி என்று ஊர் பார்க்கப் போனவள் பார்த்ததெல்லாம் மேடைகளின் பின்பக்கத்தைத்தான். எல்லா ஊருக்கும் பின்பக்கம் ஒன்றுபோலவே இருந்தது: வயர், சேறு, டீசல் மணம், ஆறிப்போன கொத்து ரொட்டிப் பார்சல். பாட்டுக்காரன் ஒரு கச்சேரிக்கு நாலு உடுப்பு மாற்றுவான். அவன் தோல் ஜக்கெற்றில் வியர்வை காய்ந்து உப்புக் கோடு கோடாக நிற்கும். அதைக் கழுவ முடியாது. மலிவான வொட்காவை விசிறிப் போத்தலில் ஊற்றி உள்பக்கம் அடித்தால் மணம் போகும் என்று முதல் நாளே பழக்கிவிட்டார்கள். ஆயுளில் ஒரு சொட்டுச் சாராயம் தொடாதவள் ஆறு கிழமையும் சாராயக் கையோடு செபமாலை உருட்டினாள். அதற்காகவே அவளுக்குப் பாட்டுக்காரன்மேல் முதல் கோபம் வந்தது.

உடுப்பு மாற்றப் பதினொரு விநாடி. வெளிச்சம் அணையும், அவன் ஓடிவந்து முதுகைக் காட்டி இரண்டு கையையும் பின்னால் நீட்டுவான். வாயில் டோர்ச்சைக் கடித்துக்கொண்டு பழையதை உரித்துப் புதியதை மாட்டிவிட வேண்டும். பொத்தான்கள் எல்லாம் பொய், உள்ளே வெல்க்ரோ. காலியில் பதினாலு விநாடி எடுத்தவள் கண்டிக்கு வரும்போது ஒன்பதில் முடித்தாள். மற்ற நேரம் பஸ்ஸின் கடைசி ஆசனத்தில் இருந்துகொண்டு கூறையைத் தைத்தாள். குழி வந்தால் ஊசியை நிறுத்துவாள், குழி போனதும் குத்துவாள். மேளக்காரன் ஒருவன் சாப்பாட்டுக் கையோடு எட்டிப் பார்த்ததற்கு அவனை அடுத்த ஊர் வரைக்கும் முன் ஆசனத்தில் இருக்கவைத்தாள்.

அவள் போட்ட சட்டம் ஒன்று இருந்தது. மேடைக்குப் பின்னால் சில்லுப் பூட்டிய ஒரு நீளக் கம்பியில் உடுப்புகள் தொங்கும். மாத்தறையில் யாரோ ஒருத்தன் தன்னுடைய நனைந்த சேர்ட்டை அதில் காயப் போட்டுவிட்டான், இருட்டில் அவள் அதையே பாட்டுக்காரனுக்கு மாட்டப் பார்த்தாள். அடுத்த நாள் காலை அறுபது பேரையும் கூப்பிட்டு வைத்து ஏசினாள். கம்பியில் தொங்குவதெல்லாம் மேடைக்குப் போடுகிற உடுப்பு, போடாத ஒரு கந்தலும் அதில் தொங்கக் கூடாது என்று தமிழிலும் தெரிந்த சிங்களத்திலும் சொன்னாள். எல்லாரும் தலையாட்டினார்கள்.

அந்தச் சட்டத்தை முதலில் மீறியது அவளேதான்.

குருநாகலில் போர்வையின் சரிகைக் கரை வேலை முடிந்தது. பட்டுக்குக் கரை வைத்தால் ஒரு முழு நாள் தொங்கவிட வேண்டும், இல்லாவிட்டால் விளிம்பு சுருங்கிப்போகும். தங்கியிருந்த இடத்தில் சுவரில் ஒரு ஆணிகூட இல்லை, எலி வேறு. பாதுகாப்பான இடம் என்று அவளுக்குத் தெரிந்தது தன்னுடைய கம்பிதான். அதன் கோடியில் தொங்கவிட்டு வெள்ளைத் துணியால் மூடினாள். பாட்டுக்காரனின் உடுப்புகளையும் அவள் வெள்ளைத் துணியால்தான் மூடுவது வழக்கம். தலையில் கை வைத்துக்கொள்ளும்போது அதைத்தான் பிறகு நூறு தரம் நினைத்தாள்.

கடைசிப் பாட்டுக்கு முன்னால் அவள் மேடையின் மற்ற ஓரத்தில் ஒருத்தனின் காற்சட்டைக் கிழிசலைத் தைத்துக்கொண்டிருந்தாள். பாட்டுக்காரன் இந்த ஓரத்துக்கு வந்தான், கம்பியைப் பார்த்தான், வெள்ளையைத் தூக்கினான். சனம் கத்திய கத்தில் றோஸ்மேரி நிமிர்ந்து பார்த்தாள். வெளிச்சத்தின் நடுவில் அவன் சட்டையில்லாத உடம்பில் மாதாவின் போர்வையைப் போட்டுக்கொண்டு நின்றான். அவனுக்கு அது இடுப்பு வரைக்கும்தான் வந்தது. முழங்காலில் இருந்து பாடினான். பாட்டு முடிந்ததும் சரிகைக் கரையைத் தூக்கி முகத்தை அழுத்தித் துடைத்தான்.

ஊசி விரலுக்குள் போனது அவளுக்குத் தெரியவில்லை.

விடிவதற்குள் அந்தப் படம் எல்லாப் போனிலும் வந்துவிட்டது. சிவப்புப் போர்வை நல்லாயிருக்கிறது, இனி எல்லா ஊரிலும் கடைசிப் பாட்டுக்கு அதுதான் என்று மேலிடத்தில் முடிவாகிவிட்டது. போர்வையை அவளிடம் விட்டுவைத்தால் காணாமல் போகும் என்று தெரிந்துதான் ஜெயராஜா அதைத் தன்னுடைய கறுப்புப் பெட்டியில் வைத்துப் பூட்டினான். அவளைத் தெரிந்தவன் அல்லவா.

றோஸ்மேரி அவனை லொறிகளுக்கு நடுவில் பிடித்தாள். கொழும்பு ஆட்கள் கேட்டால் தான் என்ன செய்யலாம் என்றான், நாலு ஊர்தானே என்றான், முடிய வேறு பட்டு வாங்கித் தாறன் என்றான். ஒன்றும் எடுபடவில்லை என்று கண்டதும் அவனுக்கும் சுருக்கென்று வந்துவிட்டது.

"கம்பியில தொங்குறதெல்லாம் போடுற உடுப்புத்தான் எண்டு சட்டம் போட்டது நீங்கதானே அக்கா."

"அவனுக்குத் தெரியா. அவன் கம்பியில கண்டான், எடுத்தான். ஒனக்குத் தெரியும் அது என்ன எண்டு."

"மறுகா என்ன, டினுஷாவும் உடுத்த கூறைதானே. புதுப் பட்டா அது?"

"அவள் உடுத்தவள், பிறகு குடுத்தவள். இவன் எடுத்தவன்."

வோக்கிடோக்கியில் யாரோ கூப்பிடுகிறார்கள் என்று ஜெயராஜா போய்விட்டான். வோக்கி அந்த நேரம் ஒன்றும் சொல்லவில்லை, அவளுக்குக் காது நல்லாய்க் கேட்கும்.

அப்போதே பையைத் தூக்கிக்கொண்டு பஸ் ஏறியிருக்கலாம். போர்வை அந்தப் பெட்டிக்குள் இருக்கும்போது எப்படிப் போவது? பெட்டி போகும் இடமெல்லாம் அவளும் போனாள். அநுராதபுரம், யாழ்ப்பாணம், திருகோணமலை. கடைசிப் பாட்டுக்கு அவள் கை வைக்க மாட்டேன் என்றாள். அதனால் ஜெயராஜாவே பெட்டியைத் திறந்து, போர்வையை எடுத்து, பாட்டுக்காரன் தோளில் போட்டுவிட்டான். ஜெயராஜாவுடைய தகப்பனும் தகப்பனுக்குத் தகப்பனும் திருநாளில் மாதாவின் சுருபம் வைத்த கூட்டைத் தோளில் காவியவர்கள். முன் வலப்பக்கக் காவுதடி அந்தக் குடும்பத்துக்குரியது. திருநாளுக்குத் திருநாள் எந்த வேலையை விட்டாவது வந்து அதற்குத் தோள் கொடுப்பான். அந்தக் கையால்தான் போட்டுவிட்டான். மூன்று ஊரிலும் அவள் ஓரத்தில் நின்று இமை வெட்டாமல் பார்த்தாள். பாட்டுக்காரனுடைய மற்ற உடுப்புகளில் ஒரு தையல்கூடக் கோணவில்லை; கோபத்தில் தையலைக் கெடுக்கிற அளவுக்கு அவள் தாழ்ந்துபோகவில்லை.

வீட்டுக்குத் தினமும் போன் எடுப்பாள். பிள்ளை பால் குடித்ததா, காய்ச்சல் விட்டதா என்று கேட்பாள். போர்வை எந்த மட்டில் இருக்கிறது என்று டினுஷா கேட்டால், முடியப்போகுது மகள் என்பாள். டினுஷாவும் அதற்குமேல் கேட்க மாட்டாள்.

வெள்ளிக்கிழமை மத்தியானம் பஸ் வாழைச்சேனை தாண்டிக் கிரான் பக்கம் வர, வயல் வட்டையெல்லாம் வெட்டி முடிந்து வெறும் தாள் ஒட்டாகக் கிடந்தது. ஊர்க்காற்று முகத்தில் பட்டதும் மற்றவர்களுக்கு நித்திரை வந்தது. றோஸ்மேரிக்குக் கோபம் இன்னும் ஏறியது. கோயிலில் கொடி ஏறி ஏழு நாள். ஊர்ச் சனம் முழுக்க மைதானத்துக்கு வரும், பாட்டுக் குழுப் பிள்ளைகளும் வருவார்கள். மாதாவுக்கு என்று மந்திரித்த பட்டை அவர்கள் கண் முன்னால் பாட்டுக்காரன் போட்டு முகம் துடைப்பான்.

ஆற்றங்கரை மைதானத்தில் பொழுது படக் கச்சேரியைத் தொடங்கினார்கள். கடைசிப் பாட்டுக்குச் சற்று முன்னால் இடப்பக்க ஸ்பீக்கர் வரிசை முழுக்க ஊமையாகிப்போனது. ஜெயராஜா வயருக்குப் பின்னால் அந்தப் பக்கம் ஓடினான். ஓடுகிற ஓட்டத்தில் பெட்டித் திறப்பை அவளுடைய கையில் திணித்து, இந்த ஒருதரம் மட்டும் போட்டுவிடுங்க அக்கா என்று கெஞ்சினான். அவள் ஓம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை.

பெட்டியைத் திறந்தாள். போர்வையில் வொட்கா மணத்தது. வெளிச்சம் அணைந்தது. பாட்டுக்காரன் ஓடிவந்து முதுகைக் காட்டி இரண்டு கையையும் பின்னால் நீட்டினான். றோஸ்மேரி போர்வையை வெள்ளைத் துணிக்குள் வைத்துச் சுற்றினாள். தன்னுடைய கத்தரியையும் முடிச்சு நூலையும் எடுத்தாள். பதினொரு விநாடியில் ஆறு விநாடிதான் போயிருந்தது. மிச்ச ஐந்து விநாடியில் பின்வாசலுக்கு வந்துவிட்டாள். வெளிச்சம் வந்தபோது அவன் நனைந்த பெனியனோடு கையைப் பின்னால் நீட்டியபடி நின்றானாம், முன்வரிசையில் பிள்ளைகள் சிரித்தார்களாம். அதை அவள் பார்க்கவில்லை. ஆற்றோரத் தெருவில் வீட்டை நோக்கி விறுவிறு என்று நடந்துகொண்டிருந்தாள்.

டினுஷா பிள்ளையை மடியில் வைத்துக்கொண்டு விறாந்தையில் இருந்தாள். பொதியைக் கண்டதும் எழும்பவில்லை.

"குருநாகல் வீடியோவ அண்டைக்கே பாத்துட்டன் அம்மா. என்ட கூறையில மூலைப் பக்கம் ஒரு குத்துவிளக்குச் சூட்டு அடையாளம் இரிக்கி. அவன் மூஞ்சி துடைக்கக்குள்ள தெரிஞ்சிது. நீங்க சொல்லுவீங்க எண்டு பாத்திட்டு இரிந்தன்."

ஊர் முழுக்க ஏசித் திரிந்தவள் பொதியை மகளின் காலடியில் வைத்தாள். கம்பியில் தொங்கவிட்டது நான்தான் மகள் என்று மட்டும் சொன்னாள். டினுஷா அழவுமில்லை, ஆறுதல் சொல்லவுமில்லை.

அடுத்த நாள் போர்வையைத் தண்ணீரில் அலசிப் பார்த்தார்கள். மணம் போனது. கழுத்தோரத்தில் உப்புக் கோடு போகவில்லை. சரிகை கறுத்திருந்தது. பாதரிடம் கொண்டுபோய்க் காட்டினாள். அவர் நல்ல மனுஷன். இன்னொரு தரம் மந்திரித்துச் சாத்துவோம் பிள்ளை, மாதா கோவிக்க மாட்டா என்றார்.

"மாதா கோவிக்க மாட்டா பாதர். நான் கோவிப்பன்."

அதனால் மாதாவுக்குப் போன வருஷத்து நீலப் போர்வையையே சாத்தினார்கள். ஊருக்குள் ஆளுக்கொரு கதை. சிலர் றோஸ்மேரி றொக்குக்காரனோடு சேர்ந்து கெட்டுப்போனாள் என்றார்கள். அவள் யாரோடும் சண்டைக்குப் போகவில்லை. அதுதான் ஊருக்குப் பயமாக இருந்தது.

ஞாயிறு பின்னேரம் சுற்றுப்பிரகாரத்துக்குக் கூட்டை வெளியே எடுத்தார்கள். ஜெயராஜா வெள்ளைச் சேர்ட்டும் வேட்டியுமாக வந்து முன் வலப்பக்கக் காவுதடியில் நின்றான். றோஸ்மேரி நிற்கும் பக்கம் அவன் திரும்பவேயில்லை. காவுகிறவர்கள் தோளுக்குத் துவாய் மடித்துப் போட்டுக்கொண்டார்கள். மணி அடித்தது. ஆறு பேரும் குனிந்து தடியைத் தூக்கினார்கள். தடி ஜெயராஜாவின் தோளுக்கு வருவதற்குள் றோஸ்மேரி கூட்டத்தைப் பிளந்துகொண்டு வந்து, அவனுடைய துவாயை இழுத்தெறிந்தாள். அந்த இடத்தில் கூறைப் போர்வையை வைத்தாள். மாதாவுக்குச் சாத்தவேண்டிய பட்டைத் துவாய்போல நாலாக மடித்திருந்தாள்.

"அவன்ட தோளில போட்டுவிட்ட நீ. இண்டைக்கு ஒன்ட தோளில கிடக்கட்டும். நேர்த்தி, இது மாதாவோட சுத்தி வரோணும்."

அவனுடைய இரண்டு கையும் தடியில், மாதா தலைக்கு மேலே, மற்ற ஐந்து பேருடைய தோளிலும் பாரம். இறக்கவும் ஏலாது, தட்டிவிடவும் ஏலாது. பாட்டுக் குழுப் பிள்ளைகள் பாடத் தொடங்கிவிட்டார்கள். அவன் நடந்தான்.

தெரு தெருவாக இரண்டு மணித்தியாலம். ஒவ்வொரு வாசலிலும் சனம் மெழுகுதிரியோடு நின்றது. எல்லாருடைய கண்ணும் மாதாவைப் பார்த்துவிட்டு அவன் தோளுக்கு வந்தது. அந்தச் சிவப்பை எல்லாரும் போனில் பார்த்தவர்கள்தான். மற்றக் காவுகாரர்கள் ஆள் மாறினார்கள். அவனிடம் மாறவா என்று ஒருவரும் கேட்கவில்லை, அவனும் கேட்கவில்லை. டினுஷா பிள்ளையைத் தூக்கிக்கொண்டு கூட்டுக்குப் பின்னால் நடந்தாள். றோஸ்மேரி அவளுக்குப் பக்கத்தில் நடந்தாள். செபமாலை ஐம்பத்துமூன்று மணியும் உருண்டது, கோபம் ஒரு மணி அளவும் இறங்கவில்லை.

கோயில் வாசலில் கூட்டை இறக்கியதும் ஜெயராஜா போர்வையைத் தோளிலிருந்து எடுத்தான். தெப்பமாக நனைந்திருந்தது; பாட்டுக்காரனின் உப்புக்குமேல் இப்போது இவனுடைய உப்பு. மடிப்பைக் குலைக்காமல் இரண்டு கையிலும் ஏந்திக்கொண்டு றோஸ்மேரியிடம் நீட்டினான்.

"எனக்கிட்ட நீட்டாத. குடுத்தவள் அங்க நிக்கிறாள்."

அவன் டினுஷாவுக்கு முன்னால் போய் நின்றான். போர்வையை அவளிடம் நீட்டினான். டினுஷா பிள்ளையை மற்றத் தோளுக்கு மாற்றினாள். பட்டைப் பார்த்தாள், அவனுடைய தோளில் தடி பதிந்த சிவப்புத் தடத்தைப் பார்த்தாள், கையை நீட்டவில்லை. பதினொரு விநாடி எப்போதோ தாண்டிவிட்டது. நிற்கட்டும் என்று றோஸ்மேரி நினைத்தாள்.